மூன்று அலமாரிகளைக் கலந்து படித்த அனுபவம்

பாளையங்கோட்டையில் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நண்பர்கள் சிலர் கூடிப் புத்தகம் பேசுகிறோம். துப்பறியும் கதை ஒன்று, அறிவியல் புனைகதை ஒன்று, பண்பாட்டு ஆய்வு நூல் ஒன்று. இந்த மூன்றும் சேர்ந்தால் ஒரு சுற்று. சுற்று முடிகிறவரை வேறு புத்தகம் பேச்சில் வராது.

இந்த ஏற்பாடு ஒரு சமாதானமாகத்தான் பிறந்தது. எங்கள் கூட்டத்தில் ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்ற அண்ணாச்சி ஒருவர் இருக்கிறார். மாத நாவல்கள் கொடிகட்டிப் பறந்த காலத்தில் ராஜேஷ்குமார், பட்டுக்கோட்டை பிரபாகர், சுபா என்று ஒன்று விடாமல் படித்தவர். கணினி வேலையில் இருக்கும் தம்பிகள் சுஜாதாவின் ஜீனோ என்ற ரோபோ நாய்க்குட்டியில் தொடங்கி ஆங்கில அறிவியல் புனைகதைக்குப் போனவர்கள். கல்லூரியில் தமிழ் நடத்தும் அக்காவுக்கோ தொ. பரமசிவன், ஆ. சிவசுப்பிரமணியன், ராஜ் கௌதமன் என்று பண்பாட்டு ஆய்வாளர்களின் தனி உலகம். ஆளுக்கோர் அலமாரி. ஒருவர் ரசனைக்கு இன்னொருவர் இடம் கொடுக்க வேண்டும் என்றுதான் மூன்றையும் கலந்தோம். கலந்த பிறகு நாங்கள் படிக்கும் விதமே மாறிப்போனது. ஒரு புத்தகத்தில் கண்ணில் படாதது, பக்கத்தில் வேறு வகைப் புத்தகம் ஒன்றை வைத்ததும் தெரிய ஆரம்பித்தது. அந்த அனுபவத்தையும், அதில் கற்றுக்கொண்ட நடைமுறை விஷயங்களையும் இங்கே எழுதுகிறேன். கூடிப் படிக்க ஆள் இல்லாதவர்களும் தனியாகவே இதைச் செய்யலாம்.

எங்களை முதலில் பிடித்து உலுக்கிய புத்தகம் ஜப்பானிய எழுத்தாளர் செய்ச்சோ மட்சுமோட்டோவின் 'புள்ளிகளும் கோடுகளும்'. 1957-58இல் ஒரு பயண இதழில் தொடராக வந்த நாவல். க்யூஷூ தீவின் காஷீ கடற்கரையில் ஓர் ஆணும் பெண்ணும் இறந்து கிடக்கிறார்கள். காதலர்கள் சேர்ந்து விஷம் குடித்ததாக எல்லோரும் முடிவு கட்டிவிடுகிறார்கள். இறந்தவர் ஓர் அரசு அலுவலகத்தில் பணிபுரிந்தவர்; அந்த அலுவலகமோ ஒரு லஞ்ச வழக்கில் மாட்டியிருக்கிறது. வயதான உள்ளூர் துப்பறிவாளர் ஒருவர் செத்தவரின் சட்டைப்பையில் ஒரு ரசீதைப் பார்க்கிறார். ரயிலின் உணவுப் பெட்டியில் சாப்பிட்டதற்கான ரசீது. அதில் 'ஒருவர்' என்று இருக்கிறது. காதலியோடு சாகப் போகிறவன் அவளை விட்டுவிட்டுத் தனியாகப் போய்ச் சாப்பிடுவானா? வழக்கு அந்தக் கேள்வியில் தொடங்குகிறது.

அந்த நாவலில் தோக்கியோ ரயில் நிலையக் காட்சி ஒன்று உண்டு. 13ஆம் நடைமேடையில் நிற்பவர்கள் 15ஆம் நடைமேடையில் நிற்கும் வண்டியைப் பார்த்ததாகச் சாட்சி சொல்கிறார்கள். இரண்டுக்கும் நடுவே நாள் முழுக்க வண்டிகள் வந்து போய்க்கொண்டே இருக்கும். மாலை 5.57 முதல் 6.01 வரை, நான்கே நிமிடம்தான் நடுவில் எந்த வண்டியும் நிற்காது. தம்பிகள் இதைப் படித்துவிட்டுப் புத்திசாலித்தனமான தந்திரம் என்று வியந்து நகர்ந்துவிட்டார்கள். அண்ணாச்சி நகரவில்லை. ஒரு தாளை எடுத்துக் கோடு போட ஆரம்பித்தார். நடைமேடைக்கு ஒரு கோடு, வண்டிக்கு ஒரு கட்டம். "பொதுசனம் டைம்டேபிள்ல தான் ஏற வேண்டிய வண்டிய மட்டும் பாக்கும். ஸ்டேஷன்ல வேல பாக்குறவன்தான் ரெண்டு வண்டிக்கு நடுவுல இருக்குற வெத்து நேரத்தப் பாப்பான். இந்த ஆளு அந்த வெத்து நேரத்தப் பாத்திருக்காருல்லா" என்றார். தன் பணிக்காலத்தில் நடைமேடை ஒதுக்கீட்டை எப்படிச் செய்வார்கள், ஒரு வண்டி தாமதமானால் அடுத்த வண்டியை எங்கே மாற்றுவார்கள் என்று அன்றைக்கு அவர் விளக்கியதை யாரும் மறக்க மாட்டார்கள்.

அதிலிருந்து ஒரு பழக்கம் வந்தது. துப்பறியும் நாவலைப் படிக்கும்போது பக்கத்தில் ஒரு தாள் வைத்துக்கொள்கிறோம். கொலையாளி யார் என்ற ஊகத்தை அதில் எழுதுவதில்லை. நேரம், இடம், பொருள் மூன்றை மட்டும் குறிக்கிறோம். யார் எத்தனை மணிக்கு எங்கே இருந்தார், கையில் என்ன இருந்தது, அவ்வளவுதான். படித்து முடித்த பிறகு அந்தத் தாளைப் பார்த்தால் அந்தச் சமூகத்தின் அன்றாடம் அப்படியே கிடைக்கும். மட்சுமோட்டோ நாவலுக்கு நாங்கள் எழுதிய தாளில் ரயில், தந்தி, விமானம், அரசு விருந்து, உணவு விடுதிப் பணிப்பெண்கள் என்று போருக்குப் பிந்தைய ஜப்பான் முழுவதும் இருந்தது. தமிழ் அக்கா அந்தத் தாளைப் பார்த்துவிட்டு, "இது பண்பாட்டு ஆய்வுக்கான தரவுதானே தம்பி, என்கிட்ட குடுத்துட்டுப் போங்க" என்று வாங்கிக்கொண்டார்.

அந்தச் சுற்றில் அக்கா தேர்ந்தெடுத்த ஆய்வு எழுத்து இத்தாலிய வரலாற்றாசிரியர் கார்லோ கின்ஸ்பர்க் 1979இல் எழுதிய நீண்ட கட்டுரை. துப்பு என்பதன் வரலாறு. 19ஆம் நூற்றாண்டில் ஜொவான்னி மொரெல்லி என்றொருவர், ஓவியத்தை யார் வரைந்தது என்று கண்டுபிடிக்க ஒரு வழி சொன்னார்: முகத்தைப் பார்க்காதீர்கள், காதையும் விரல் நகத்தையும் பாருங்கள். முகத்தை வரையும்போது ஓவியர் கவனமாக இருப்பார். காதை வரையும்போது கை தன் பழக்கத்துக்குப் போய்விடும். போலி வரைபவர் முகத்தைக் காப்பியடிப்பார், காதில் மாட்டிக்கொள்வார். கின்ஸ்பர்க் இந்த மொரெல்லியையும் ஷெர்லாக் ஹோம்ஸையும் உளப்பகுப்பாய்வாளர் ஃப்ராய்டையும் ஒரே வரிசையில் நிறுத்துகிறார். மூவருமே யாரும் பொருட்படுத்தாத சின்னஞ்சிறு விஷயத்திலிருந்து பெரிய உண்மைக்குப் போகிறவர்கள். 1893இல் வந்த ஒரு ஹோம்ஸ் கதையில் உப்பு நிரப்பிய அட்டைப்பெட்டிக்குள் இரண்டு அறுபட்ட காதுகள் வருகின்றன. ஹோம்ஸ் அந்தக் காதின் வடிவத்தை வைத்தே உறவைக் கண்டுபிடிக்கிறார். மொரெல்லி முறையை அப்படியே கதையாக்கியதுபோல் இருக்கும்.

இந்த வரிசைக்கெல்லாம் முன்னால் கின்ஸ்பர்க் ஒரு பழங்கதையைச் சொல்கிறார். செரந்தீவு இளவரசர்கள், தாங்கள் பார்த்தே இராத ஓர் ஒட்டகத்தின் அங்க அடையாளங்களைச் சொல்லும் கதை. அதைப் படித்ததும் கூட்டத்தில் ஆளாளுக்குப் பேச ஆரம்பித்துவிட்டோம். அந்தக் கதை நமக்கு ஏற்கெனவே தெரியும். அலகேசராஜன் கதையில் வருகிற தொலைந்த ஒட்டகம். ஒரு பக்கத்து இலையை மட்டும் மேய்ந்திருந்ததால் ஒரு கண் குருடு. மூன்று காலடிதான் அழுத்தமாகப் பதிந்திருந்ததால் ஒரு கால் நொண்டி. வழிப்போக்கர்கள் நால்வரும் இப்படியே வரிசையாகச் சொல்வார்கள். ஒட்டகத்தின் சொந்தக்காரன் அவர்களையே திருடர்கள் என்று பிடித்து ராஜாவிடம் கொண்டுபோவான். துப்பறியும் கதை மேற்கிலிருந்து இறக்குமதியானது என்று எங்களில் பலர் நினைத்திருந்தோம். எட்கர் ஆலன் போ 1841இல் எழுதிய கதையிலிருந்து அந்த வடிவம் தொடங்குகிறது என்பது சரிதான். ஆனால் தடயத்தைப் படித்துக் கதை சொல்லும் ஆசை நம் பாட்டிகளிடமும் இருந்திருக்கிறது. இலங்கையின் பழைய பெயரை ஏந்தி உலகம் சுற்றிவந்த கதை ஒன்று, ஓர் இத்தாலியக் கட்டுரை வழியாகப் பாளையங்கோட்டை மொட்டைமாடிக்குத் திரும்ப வந்தது எனக்கு மிகப் பெரிய சந்தோஷம்.

தமிழ்த் துப்பறியும் நாவல்களுக்கு வருகிறேன். ஜே. ஆர். ரங்கராஜு, ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் கே. துரைசாமி ஐயங்கார் ஆகியோரை இன்றைக்கு எடுத்துப் படித்தால் முதலில் மூச்சு முட்டும். வாக்கியம் அரைப் பக்கம் ஓடும். 'அப்படியிருக்க' என்று ஆரம்பித்தால் எங்கே முடியும் என்றே தெரியாது. கதையில் பாதி வெளிநாட்டு நாவல்களைத் தழுவியது என்ற குறையும் உண்டு. குப்புசாமி முதலியார் ஆங்கில எழுத்தாளர் ரெய்னால்ட்ஸின் நாவல்களைத் தழுவி எழுதியது ஊரறிந்த விஷயம். இவற்றோடு ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'நாவலும் வாசிப்பும்' நூலைச் சேர்த்துப் படித்தோம். நாவல் வந்த புதிதில் பலர் கூடியிருக்க ஒருவர் உரக்கப் படிக்கும் வழக்கம் எப்படி இருந்தது, தனியாக மௌனமாகப் படிப்பது எப்படிப் பரவியது, இப்படிப்பட்ட நாவல்களைக் கண்டு கற்றறிந்தவர்கள் எவ்வளவு பதறினார்கள் என்றெல்லாம் அந்த நூல் சொல்கிறது.

அதைப் படித்த பிறகு, வடுவூராரின் 'திகம்பர சாமியார்' கதையில் ஓர் அத்தியாயத்தை உரக்கப் படித்துப் பார்த்தோம். 1950இல் நம்பியார் பல வேடம் போட்டுப் படமாக வந்ததே, அதே கதைதான். நண்பர் ஒருவரின் அம்மா படித்தார். கண்ணால் படித்தபோது இழுவையாகத் தெரிந்த அந்த நீள வாக்கியம், அவர் குரலில் எங்கே நிற்க வேண்டுமோ அங்கே நின்று, எங்கே ஏற வேண்டுமோ அங்கே ஏறிப் போனது. கேட்பவர் நடுவில் எழுந்து தண்ணீர் குடித்துவிட்டு வந்தாலும் கதை புரியும்படி விஷயங்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. அந்த எழுத்து காதுக்காக எழுதப்பட்டது. நீங்களும் பழைய தமிழ் நாவல் ஏதாவது படித்துச் சலித்தால், மூடி வைப்பதற்கு முன்னால் ஓர் அத்தியாயத்தை வீட்டில் யாருக்காவது உரக்கப் படித்துக் காட்டுங்கள்.

படித்து முடித்துவிட்டு அந்த அம்மா சொன்னது இன்னொரு வழியைத் திறந்தது. அவர் இளவயதில் மாத நாவலை வாடகைக்கு எடுத்துப் படித்தவர். "மத்தியானம் எல்லாரும் சாப்ட்டுப் படுத்த பெறகு ஒரு மணி நேரம் கெடைக்கும். அந்த நேரம் மட்டும் என்னய யாரும் கூப்புட மாட்டாங்க" என்றார். அமெரிக்க ஆய்வாளர் ஜானிஸ் ராட்வே 1984இல் வெளியிட்ட நூலில் காதல் நாவல் படிக்கும் பெண்களிடம் பேசிக் கண்டறிந்ததும் ஏறத்தாழ இதுதான். கதை என்ன சொல்கிறது என்பதை மட்டும் கேட்டால் போதாது. புத்தகத்தைக் கையில் எடுப்பது அந்தப் பெண்ணுக்கு வீட்டு வேலைக்கு நடுவே தனக்கென்று ஒரு நேரத்தை ஒதுக்கிக்கொள்ளும் செயல். உங்கள் வீட்டிலும் அம்மா, அத்தை, பெரியம்மா யாராவது மாத நாவல் படித்திருப்பார்கள். எதைப் படித்தீர்கள் என்று கேட்பதோடு நிறுத்தாமல், எப்போது, எங்கே உட்கார்ந்து படித்தீர்கள், புத்தகம் யார் வாங்கித் தந்தது என்றும் கேளுங்கள். பெரிய நூல்களில் கிடைக்காத பண்பாட்டு வரலாறு கிடைக்கும். கிடைத்ததை எழுதி வையுங்கள்.

அறிவியல் புனைகதைதான் பலருக்குச் சிரமமாக இருந்தது. அண்ணாச்சி முதல் அத்தியாயத்திலேயே, "பேரே வாயில நொழய மாட்டேங்கு" என்று வைத்துவிடுவார். அர்சலா லெ க்வின் 1969இல் எழுதிய 'இருளின் இடக்கை' நாவலில் அது நடந்தது. பனி மூடிய கிரகம். அங்குள்ள மனிதர்களுக்கு நிலையான ஆண், பெண் என்ற பிரிவு கிடையாது. புரியாத சொற்கள் முதல் பக்கத்திலிருந்தே வருகின்றன. அப்போது தமிழ் அக்கா ஒரு தகவலைச் சொன்னார். லெ க்வினின் அப்பா ஆல்ஃபிரட் குரோபர் பெரிய மானிடவியலாளர். அம்மா தியடோரா குரோபர், தன் இனத்தார் எல்லோரும் அழிந்த பிறகு தனியாக மிஞ்சிய இஷி என்ற கலிஃபோர்னியப் பழங்குடி மனிதரைப் பற்றி 1961இல் நூல் எழுதியவர். அந்த வீட்டில் வளர்ந்தவரின் நாவல் களப்பணிக் குறிப்புகள்போல அமைந்ததில் வியப்பில்லை. கதைக்கு நடுவே அந்தக் கிரகத்து நாட்டார் கதைகளும், ஓர் ஆய்வாளரின் அறிக்கையும் வருகின்றன. பலர் அவற்றைத் தாண்டிப் போய்விடுவார்கள். நாங்கள் அவற்றை மட்டும் முதலில் படித்தோம். நாட்டார் கதைத் தொகுப்பைப் படிப்பதுபோலப் படித்தோம். எதற்குப் பயப்படுகிறார்கள், எதை மானம் என்கிறார்கள், விருந்தாளியை எப்படி நடத்துகிறார்கள் என்று பார்த்துவிட்டுக் கதைக்குள் போனபோது பெயர்கள் தடுக்கவில்லை. அண்ணாச்சியும் கடைசிவரை வந்தார்.

அந்தச் சுற்றில் சேர்த்திருந்த பண்பாட்டு நூல் தொ. பரமசிவனின் 'அறியப்படாத தமிழகம்'. 1997இல் வந்தது. உப்பு, எண்ணெய், தேங்காய், உரல், உலக்கை என்று நாம் தினம் கையால் தொடுவதைப் பற்றிய சிறு கட்டுரைகள். லெ க்வின் இல்லாத ஓர் ஊரை வேற்று மனிதனின் கண்ணால் காட்டுகிறார், தொ.ப. நாம் இருக்கும் ஊரையே வேற்று ஊரைப்போலப் பார்க்க வைக்கிறார். தம்பி ஒருவன் இரண்டையும் முடித்துவிட்டு ஒரு விளையாட்டு கண்டுபிடித்தான். வேற்றுக் கிரகத்திலிருந்து வந்த தூதுவர் தன் தலைமையகத்துக்கு எழுதும் அறிக்கையாக ஒரு திருநெல்வேலிக் கல்யாண வீட்டை எழுதிக்கொண்டு வந்தான். யார் எந்தப் பந்தியில் உட்கார்ந்தார்கள், யார் நின்றுகொண்டே இருந்தார்கள், மொய் நோட்டு யார் கையில் இருந்தது, மைக்கில் யார் பெயர் எந்த வரிசையில் வந்தது என்று ஒரு தீர்ப்பும் சொல்லாமல் எழுதியிருந்தான். படித்தபோது எல்லோருமே கொஞ்ச நேரம் பேசவில்லை. பள்ளிக்கூட ஆசிரியர்கள் யாராவது இதைப் படித்தால், மாணவர்களிடம் இந்தப் பயிற்சியைக் கட்டாயம் கொடுத்துப் பாருங்கள்.

துப்பறியும் கதையும் அறிவியல் புனைகதையும் ஒன்றாகக் கலந்த நாவல்கள் உண்டு. இரண்டு வகை வாசகர்களையும் ஒரே பாயில் உட்கார வைக்க அவைதான் நல்ல வழி. ஐசக் அசிமோவின் 'எஃகுக் குகைகள்' 1954இல் நூலாக வந்தது. அறிவியல் புனைகதையில் துப்பறிதல் நடக்காது, ஏனென்றால் எழுதுபவர் கடைசியில் ஒரு புதுக் கருவியைக் கொண்டுவந்து முடிச்சை அவிழ்த்துவிடலாம் என்று பதிப்பாசிரியர் ஜான் கேம்பல் சொன்னாராம். அசிமோவ் அந்த உலகத்தின் விதிகளை முதலிலேயே வாசகரிடம் ஒப்படைத்துவிட்டு, அந்த விதிகளுக்குள்ளேயே குற்றத்தை அவிழ்த்தார். கூரை போட்ட பெருநகரத்துக்குள் பிறந்து வளர்ந்து, திறந்த வானத்தைப் பார்த்தாலே நடுங்கும் மனிதர்கள்; ஒரு மனிதப் போலீஸ்காரர், ஒரு ரோபோ போலீஸ்காரர். அண்ணாச்சிக்குப் பிடித்த முதல் அறிவியல் புனைகதை இதுதான்.

ஆனால் எங்களை ஆழமாகத் தொட்டது சைனா மியேவில் 2009இல் எழுதிய 'நகரமும் நகரமும்'. அதைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். பெஷல், உல் கோமா என்று இரண்டு நகரங்கள். இரண்டும் ஒரே நிலத்தில், ஒரே தெருக்களில் பின்னிக்கிடக்கின்றன. சில தெருக்கள் ஒரு நகரத்துக்கு மட்டும், சில தெருக்கள் இரண்டுக்கும். ஆனால் ஒரு நகரத்தவர் இன்னொரு நகரத்தின் ஆளையோ கட்டடத்தையோ பார்க்கக் கூடாது. எதிரே வந்தாலும் பாராமல் போகச் சிறுவயதிலிருந்தே பழக்குகிறார்கள். உடையின் நிறம், நடக்கும் விதம், கட்டடத்தின் பாணி எல்லாவற்றையும் வைத்து, இது நம் நகரமா அந்த நகரமா என்று நொடியில் கண்டுகொண்டு கண்ணைத் திருப்பிக்கொள்ள வேண்டும். மீறினால் தண்டிக்கத் தனி அதிகாரம் இருக்கிறது. இந்த ஊரில் ஒரு பெண் கொலையாகிறாள். விசாரிக்க வரும் இன்ஸ்பெக்டர் தடயத்தைத் தேட வேண்டியவர். ஆனால் பாதி ஊரை அவர் பார்க்கவே கூடாது.

தம்பிகள் இதைப் பனிப்போர்க் கால பெர்லினோடு ஒப்பிட்டுப் பேசிக்கொண்டிருந்தார்கள். அப்போது, பொதுவாக அதிகம் பேசாத ஒரு நண்பர், அவர் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருக்கிறார், மெதுவாகச் சொன்னார்: "எதுக்கு பெர்லினுக்குப் போறீங்க? எங்க ஊர்ல தேர் எங்க தெரு முக்கு வரைக்கும் வந்து திரும்பிரும். தேர் இழுக்குறவங்க யாரும் எங்க தெருவப் பாக்க மாட்டாங்க. நாங்க முக்குல நின்னு பாத்துட்டுதான் இருப்போம். அவங்க கண்ணு எங்க மேல பட்டாலும் நிக்காது." யாரும் பதில் சொல்லவில்லை. ராஜ் கௌதமனின் 'தலித் பார்வையில் தமிழ்ப் பண்பாடு' அந்தச் சுற்றுக்குத் தேர்ந்தெடுத்த நூல். அதுவரை அதைத் தனி நூலாகத்தான் பேசிக்கொண்டிருந்தோம். அன்றைக்கு இரண்டும் ஒரே மேசைக்கு வந்தன. ஊர், சேரி என்று பிரிந்து கிடக்கும் நிலத்தில் பாராமல் போகும் பயிற்சி நமக்கு எந்த வயதில், யாரால், எப்படிக் கொடுக்கப்பட்டது என்று ஒவ்வொருவரும் யோசித்துச் சொல்ல வேண்டியதாயிற்று. எந்தத் தெரு வழியாகப் பள்ளிக்கூடம் போகச் சொன்னார்கள், எந்த வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடிக்கக் கூடாது என்றார்கள் என்பதெல்லாம் அன்றைக்கு வெளியே வந்தது. ஆய்வு நூலை மட்டும் படித்திருந்தால் கருத்தாகவே பேசிப் பிரிந்திருப்போம். கற்பனை நகரம் ஒன்று நடுவில் இருந்ததால்தான் உண்மை ஊரைப் பற்றிப் பேச முடிந்தது என்பது என் உறுதியான எண்ணம்.

இப்படிப்பட்ட பேச்சு வரும்போது கூட்டத்தை நடத்துபவர் செய்ய வேண்டிய ஒரு வேலை உண்டு. சொன்னவரைத் திரும்பத் திரும்பச் சாட்சியாக்கக் கூடாது. "இன்னும் சொல்லுங்க" என்று கேட்பதை நிறுத்திவிட்டு, மற்றவர்கள் தங்கள் தெருவில் தங்கள் வீட்டார் என்ன செய்தார்கள் என்று சொல்லட்டும்.

செய்தித்தாள் பயிற்சி ஒன்றும் எங்களிடம் நிலைத்திருக்கிறது. பர்மிங்காமில் 1964இல் ரிச்சர்ட் ஹாகர்ட் தொடங்கிய பண்பாட்டு ஆய்வு மையத்தில், ஜமைக்காவில் பிறந்த ஸ்டூவர்ட் ஹாலும் அவருடைய சகாக்களும் சேர்ந்து 1978இல் ஒரு பெரிய நூல் வெளியிட்டார்கள். 1970களின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் பத்திரிகைகள் தெருவழிப்பறியை ஒரு புதுக் குற்றம்போலப் பெரிதாக்கி, கறுப்பின இளைஞர்கள் மீது பயத்தைத் திருப்பியதை ஆராயும் நூல். முழுவதும் படிப்பது கடினம், தடிமனான புத்தகம். அதன் கேள்வியை மட்டும் எடுத்துக்கொண்டோம். ஆளுக்கொரு குற்றச்செய்தியை வெட்டிக்கொண்டு வர வேண்டும். யாருக்குப் பெயர் இருக்கிறது, யாருக்கு வெறும் 'வாலிபர்' என்ற அடையாளம், யாருடைய தொழிலும் ஊரும் சொல்லப்படுகின்றன, யாருடைய தரப்பு ஒரு வரிகூட இல்லை என்று அடிக்கோடிடுகிறோம். துப்பறியும் நாவல் படித்துப் பழகிய கண் இதில் வேகமாக வேலை செய்கிறது. அண்ணாச்சிதான் இதில் கெட்டிக்காரர். "போலீஸ் சொன்னதாத்தான் எல்லா வரியும் இருக்கு, பாத்தவன் ஒருத்தன்கூட இல்லையே" என்று உடனே பிடித்துவிடுவார்.

அப்புறம், நடைமுறை. ஆய்வு நூல் எதை எடுத்தாலும் முன்னுரையிலிருந்து ஆரம்பிக்காதீர்கள். அதில்தான் கோட்பாட்டுச் சொற்கள் குவிந்திருக்கும். உள்ளே போய், ஒரு பொருளையோ ஆளையோ சம்பவத்தையோ எடுத்துப் பேசும் அத்தியாயத்தை முதலில் படியுங்கள். கின்ஸ்பர்க்கின் 'பாலாடைக்கட்டியும் புழுக்களும்' (1976) 16ஆம் நூற்றாண்டில் சமய நீதிமன்றத்தில் விசாரிக்கப்பட்ட ஓர் ஆலைக்காரரின் கதை. வழக்கு விசாரணையாகவே படிக்கலாம், துப்பறியும் கதை விரும்பிகள் பண்பாட்டு வரலாற்றுக்குள் நுழைய அதைவிட நல்ல வாசல் கிடையாது.

முடிவைச் சொல்லலாமா கூடாதா என்ற சண்டை எல்லாக் கூட்டத்திலும் வரும். நாங்கள் பேச்சை இரண்டாகப் பிரித்துவிட்டோம். தேநீருக்கு முன்னால் பாதிவரை படித்தவர்களும் இருக்கலாம், முடிவு வெளியே வராது. தேநீருக்குப் பிறகு முடிவைத் தாராளமாகப் பேசலாம், விரும்பாதவர்கள் கிளம்பிவிடலாம். முடிவு தெரிந்த பிறகு முதல் மூன்று அத்தியாயங்களைத் திரும்பப் படிப்பதும் எங்கள் வழக்கம். அகதா கிறிஸ்டியின் 1926 நாவலான 'ரோஜர் அக்ராய்ட் கொலை'யை அப்படி இரண்டாம் முறை படித்தவர்களுக்குத்தான் ஒவ்வொரு வாக்கியமும் எவ்வளவு நேர்மையாக எழுதப்பட்டிருக்கிறது என்பது தெரியும்.

ஆங்கிலம் வராதவர்கள் ஒதுங்கிப் போய்விடக் கூடாது என்பதில் நாங்கள் பிடிவாதமாக இருக்கிறோம். தமிழில் கிடைக்காத நாவலுக்கு ஒருவர் கதைசொல்லியாக இருப்பார். வாட்ஸாப்பில் ஓர் அத்தியாயத்துக்கு ஒரு குரல்பதிவு, பத்து நிமிடத்துக்கு மேல் போகக் கூடாது. துப்பறியும் கதையைச் சொல்பவருக்கு ஒரே விதி: தடயம் எதையும் விட்டுவிடக் கூடாது, எதையும் கூடுதலாக அழுத்தவும் கூடாது. இதைச் செய்து பார்த்தால் அந்த எழுத்தாளரின் கைத்திறன் என்னவென்று புரியும்.

புத்தகம் கிடைப்பது பெரிய பிரச்சினை இல்லை. பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்தில் தமிழ்ப் பண்பாட்டு நூல்கள் கிடைக்கின்றன. பழைய துப்பறியும் நாவல்களுக்குத் தமிழ் இணையக் கல்விக் கழகத்தின் மின்னூலகத்தில் தேடுங்கள். சென்னைப் பக்கம் இருப்பவர்கள் தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தை ஒருமுறையாவது போய்ப் பார்க்க வேண்டும். வெகுமக்கள் நாவல்களையும் பாட்டுப் புத்தகங்களையும் குப்பை என்று ஒதுக்காமல் சேர்த்த ஒரு மனிதரின் சேகரிப்பிலிருந்து பிறந்த நூலகம் அது. திருவல்லிக்கேணி பைகிராப்ட்ஸ் சாலை (இப்போது பாரதி சாலை) நடைபாதைக் கடைகளில் பழைய மாத நாவல்களோடு அரிய ஆங்கில அறிவியல் புனைகதைகளும் சேர்ந்தே கிடக்கும். மதுரைக்காரர்களுக்கு 2023இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் இருக்கிறது.

புதிதாகத் தொடங்குகிறவர்கள் தடித்த நாவலில் ஆரம்பிக்க வேண்டாம். ரொக்கேயா சகாவத் ஹுசைன் எழுதிய 'சுல்தானாவின் கனவு' சின்னக் கதை. ஒரே உட்காரலில் முடியும். பெண்கள் சூரிய வெப்பத்தைச் சேமித்து நாடாள, ஆண்கள் அந்தப்புரத்தில் அடைந்து கிடக்கும் நாடு. அந்த வங்காளப் பெண் ஆங்கிலத்தில் எழுதிய இந்தக் கதை 1905இல் முதலில் வெளியானது சென்னையிலிருந்து வந்த பெண்கள் இதழ் ஒன்றில்தான். அதோடு ஹோம்ஸின் அட்டைப்பெட்டிக் கதையையும், தொ.ப.வின் உப்புக் கட்டுரையையும் வைத்துக்கொள்ளுங்கள். மூன்றும் சேர்ந்து ஒரு வாரம் ஆகாது. எங்கள் அடுத்த சுற்றுக்கு அமிதாவ் கோஷின் 'கல்கத்தா குரோமோசோம்' முடிவாகியிருக்கிறது. மலேரியா ஆய்வுக்காக 1902இல் நோபல் பரிசு வாங்கிய ரொனால்ட் ராஸுக்குப் பின்னால் யார் இருந்தார்கள் என்று தேடிப் போகும் நாவல். நர்ஸ் அக்கா கொசு, ரத்தப் பரிசோதனை பற்றிய பகுதிகளை எங்களுக்கு விளக்குவதாகச் சொல்லியிருக்கிறார். அண்ணாச்சி அதில் வரும் ரயில் நிலையக் காட்சியைத் தனக்கென்று எடுத்து வைத்துக்கொண்டார்.